கிரீச்சிடும் ஷட்டர்: எண்ணெய்க்கு முன் எடை

வங்கிப் பணியில் இருப்போருக்கு ஊர் மாற்றம் புதிதன்று. சில ஆண்டுகளுக்கு முன் விசாகப்பட்டினத்திற்கு மாற்றலாகிச் சென்றபோது, கடற்கரையிலிருந்து நடந்து செல்லும் தொலைவில் ஒரு மாடிவீடு எங்களுக்கு வாடகைக்குக் கிடைத்தது. மேல்தளத்தில் நாங்கள் குடியிருந்தோம். கீழ்த்தளத்தின் பின்பகுதியில் வீட்டு உரிமையாளர்களான முதிய தம்பதியர் வாழ்ந்தனர். முன்பகுதியில், கார் நிறுத்துவதற்கென்று கட்டப்பட்டு, கார் வாங்கப்படாமலே போனதால் பால் பாக்கெட் விற்கும் சிறு கடையாக மாறிவிட்ட ஓர் அறை இருந்தது. அந்த அறைக்கு இரும்பு ஷட்டர். விடியற்காலை ஐந்து மணிக்கு அம்மையார் அதைத் தூக்குவார். தெரு முழுவதும் விழித்துக்கொள்ளும்.

அந்த ஓசையைச் சொற்களில் எழுதிக் காட்டுவது கடினம். பானையின் அடியைக் கரண்டியால் சுரண்டும்போது பற்கள் கூசுமே, அதனை எட்டடி அகலத்திற்குப் பெருக்கிக்கொள்ளுங்கள். எங்கள் மகள் அப்போது பத்தாம் வகுப்பில் படித்துக்கொண்டிருந்தாள். நள்ளிரவு வரை படித்துவிட்டு உறங்குபவள் ஐந்து மணிக்குத் தூக்கிவாரிப் போட்டு எழுவாள். ஒலி மாசு தொடர்பான 2000ஆம் ஆண்டு விதிகளின்படி இரவு என்பது பத்து மணி தொடங்கிக் காலை ஆறு மணி வரை நீள்கிறது. அந்நேரத்தில் குடியிருப்புப் பகுதிக்கு உரிய அளவு 45 டெசிபல். ஆனால் அறுபது வயதைக் கடந்த ஒருவர் பிழைப்புக்காகத் திறக்கும் கடையின் வாசலில் நின்றுகொண்டு விதி எண்ணைச் சொல்ல எவருக்கு மனம் வரும்? ஷட்டரைச் சரிசெய்து கொடுத்துவிடலாம் என்று நாங்கள் முடிவு செய்தோம். நல்ல எண்ணத்துடன் தொடங்கிய அவ்வேலையில் நாங்கள் செய்த பிழையும், அதனால் கற்றுக்கொண்டவையுமே இக்கட்டுரை. வீட்டின் கீழ்த்தளத்தில் கடையோ வாகன அறையோ வைத்திருக்கும் வாடிக்கையாளர்கள் நம் வங்கிக்கு ஏராளம் என்பதால் இதனை எழுதத் துணிகிறோம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, இயந்திர எண்ணெய் நிரம்பிய குப்பியும் பழந்துணியுமாக நாங்கள் கீழே இறங்கினோம். ஷட்டரின் இரு பக்கங்களிலும் பட்டைகள் ஓடும் இரும்புச் சேனல்களில் மேலிருந்து கீழ்வரை எண்ணெயைத் தாராளமாக ஊற்றினோம். நான்கைந்து முறை ஏற்றி இறக்கினோம். ஓசை பாதியாகக் குறைந்தது. மாலையில் இன்னொரு முறை ஊற்றினோம். மறுநாள் விடியலில் எங்கள் மகள் எழவில்லை. "பாபு, கை நோகாமல் ஏறுகிறது" என்று அம்மையார் மகிழ்ந்து, அன்றைய பாலுக்குக் காசு வாங்க மறுத்துவிட்டார். எங்களுக்குப் பெருமை தாங்கவில்லை.

மூன்றாம் நாள் ஷட்டர் விழுந்தது.

தோள் உயரம் வரை தூக்கிவிட்டு, வழக்கம்போல் ஒரு கணம் கையை எடுத்து மூச்சு வாங்கியிருக்கிறார் அம்மையார். பல ஆண்டுகளாக அப்படித்தான் செய்துவந்திருக்கிறார். ஷட்டரும் அந்த உயரத்தில் நின்றுவந்திருக்கிறது. அன்று அது நிற்கவில்லை. தரையில் மோதிய ஓசை கேட்டு நாங்கள் படியிறங்கி ஓடினோம். அடிப்பட்டை அவருடைய வலக்கால் விரல்களின் நுனியை உரசிக்கொண்டு இறங்கியிருந்தது. இரண்டு நகங்கள் பெயர்ந்துவிட்டன. எலும்புக்கு ஒன்றுமில்லை என்று மருத்துவர் கூறிய பிறகே எங்களுக்கு உயிர் வந்தது. ஓரங்குலம் முன்னால் நின்றிருந்தால் என்னவாகியிருக்கும் என்பதை இன்றும் நினைத்துப் பார்க்க விரும்புவதில்லை.

அன்று பிற்பகல் ஷட்டர் மெக்கானிக் ஒருவர் வந்தார். ஐம்பது வயது மதிக்கத்தக்கவர். ஏணியில் ஏறி மேல் மூடியைக் கழற்றி உள்ளே டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு இறங்கினார். "எண்ணெய் போட்டது யார்?" என்பதே அவருடைய முதல் கேள்வி. நாங்கள் ஒப்புக்கொண்டோம். ஸ்பிரிங்குகளுள் ஒன்று எப்போதோ முறிந்துவிட்டது என்றும், மற்றவையும் தளர்ந்துவிட்டன என்றும், இத்தனை காலமும் ஷட்டரைத் தாங்கிப் பிடித்துக்கொண்டிருந்தது சேனலில் இருந்த துருவே என்றும் அவர் விளக்கினார். அந்தத் துருவின் பிடியைத்தான் நாங்கள் எண்ணெய் ஊற்றித் தளர்த்தியிருந்தோம்.

இதைப் புரிந்துகொள்வதற்கு ஷட்டரின் அமைப்பைச் சற்று அறிந்திருக்க வேண்டும். ஷட்டர் என்பது ஒன்றோடொன்று கோத்துவிடப்பட்ட எஃகுப் பட்டைகளால் ஆன ஒரு திரை. அத்திரை மேலே உள்ள குழாயைச் சுற்றிச் சுருளும். பக்கங்களில் உள்ள சேனல்கள் அதை நேராக ஓடச் செய்யும். மத்தியப் பொதுப்பணித் துறையின் விலைப்பட்டியலில் இத்தகைய ஷட்டருக்குக் குறிப்பிடப்படும் பட்டை 80 மில்லிமீட்டர் அகலமும் 1.25 மில்லிமீட்டர் தடிமனும் கொண்டது. வணிகவியல் படித்த நமக்குப் பொறியியல் தெரியாது. கணக்குப் போடத் தெரியும். அந்தத் தடிமனுள்ள எஃகுத் தகடு ஒரு சதுர மீட்டருக்கு ஏறத்தாழ 10 கிலோ இருக்கும். எட்டடி அகலமும் ஏழடி உயரமும் உள்ள வாசல் என்றால் ஐந்து சதுர மீட்டருக்குச் சற்று அதிகம். தட்டையான தகடாகக் கணக்கிட்டாலே 50 கிலோவுக்கு மேல் வருகிறது. பட்டைகளின் வளைவுகளையும் அடிப்பட்டையையும் சேர்த்தால் எடை இன்னும் கூடும். ஓர் ஆளின் எடையை அம்மையார் நாள்தோறும் இருமுறை தூக்கி இறக்கிக்கொண்டிருந்தார் என்று பொருள்.

அதை அவர் தூக்கியது அவருடைய கைவலிமையால் மட்டுமன்று. குழாயின்மேல் முறுக்கேற்றிப் பொருத்தப்பட்டுள்ள ஸ்பிரிங்குகளே எடையின் பெரும்பகுதியைச் சுமக்கின்றன. ஷட்டரை இறக்கும்போது ஸ்பிரிங் முறுக்கேறுகிறது. தூக்கும்போது அம்முறுக்கு அவிழ்ந்து நமக்குக் கை கொடுக்கிறது. ஸ்பிரிங் நல்ல நிலையில் இருக்கும் ஷட்டர், இடுப்பு உயரத்தில் விட்டால் ஏறவும் இறங்கவும் செய்யாமல் ஏறக்குறைய அங்கேயே நிற்கும். ஸ்பிரிங் தளரத் தளர எடை கைக்கு வரும். இது ஒரே நாளில் நிகழ்வதன்று என்பதால் தூக்குபவர் அதை உணர்வதில்லை. தமக்கு வயதாகிவிட்டது என்றே எண்ணிக்கொள்கிறார். அம்மையாரும் தோள்வலிக்கு ஓராண்டாகத் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தார்.

கடன் பிரிவில் பணியாற்றும் நாங்கள் இதை முன்பே அறிந்திருக்க வேண்டும். தவணை தவறி 90 நாட்களைக் கடந்த பிறகே ஒரு கணக்கு வாராக்கடன் ஆகிறது. அதற்கு முன்பே 30 நாள், 60 நாள் என்று படிப்படியாகப் பிரித்து, சிறப்புக் கவனக் கணக்கு என்று குறித்துவைக்கும் முறை ரிசர்வ் வங்கியின் ஏற்பாட்டில் உண்டு. முதல் மாதத் தாமதத்தைக் கண்டதும் நாம் வாடிக்கையாளரை அழைத்துப் பேசுகிறோம். ஆனால் வீட்டு ஷட்டர் ஆறு மாதம் கத்தினால் எண்ணெய்க் குப்பியைத் தேடுகிறோம்.

எனவே ஓசையைப் போக்க முனையும் எவரும் முதலில் எடையைச் சோதிக்க வேண்டும். பகல் வெளிச்சத்தில், காலில் மூடிய காலணியுடன், குழந்தைகளை அப்பால் அனுப்பிவிட்டு, இருவர் சேர்ந்து செய்யுங்கள். ஷட்டரை முழங்கால் உயரத்திற்குத் தூக்கி, கைகளை அகற்றாமல் பிடியை மட்டும் மெல்லத் தளர்த்திப் பாருங்கள். பின்னர் இடுப்பு உயரத்தில். பின்னர் தோள் உயரத்தில். கால் விரல்கள் ஒருபோதும் அடிப்பட்டைக்கு நேர் கீழே இருக்கக் கூடாது. பிடியைத் தளர்த்தியதும் எடை முழுவதும் கையில் வந்து இறங்குகிறதா? ஒரு பக்கம் தாழ்ந்து சாய்கிறதா? அண்மையில் ஒருநாள் மேலிருந்து 'டணார்' என்று ஒற்றை ஓசை எழுந்து, அதன்பின் ஷட்டர் கனத்துவிட்டதா? இவற்றுள் ஒன்றுக்கு ஆம் என்றாலும் எண்ணெய்க் குப்பியை மூடி வைத்துவிட்டு மெக்கானிக்கை அழையுங்கள். அவர் வரும்வரை ஷட்டரை முழுமையாக இறக்கிய நிலையிலேயே வைத்திருங்கள்.

மேல் மூடிக்குள் இருக்கும் ஸ்பிரிங், குழாய், அவற்றைச் சுவரோடு பிணைக்கும் பிராக்கெட் ஆகியவற்றில் வீட்டில் உள்ளோர் கை வைக்கலாகாது. ஷட்டர் முழுவதும் மேலே சுருண்டிருக்கும்போதும் ஸ்பிரிங்கில் முறுக்கு எஞ்சியிருக்கும். தெரியாமல் ஒரு போல்ட்டைத் தளர்த்தினால் அம்முறுக்கு ஒரு நொடியில் வெளிப்பட்டுக் கையில் உள்ள ஸ்பேனரைச் சுழற்றி அடிக்கும். காணொளியைப் பார்த்துத் தாமே ஸ்பிரிங்கை மாற்ற முயலும் இளைஞர்களிடம் இதை இருமுறை சொல்ல வேண்டியிருக்கிறது.

எடைச் சோதனையில் ஷட்டர் தேறிவிட்டது என்றால், எஞ்சியிருப்பது ஓசை மட்டுமே. அதை வீட்டிலேயே சரிசெய்யலாம். ஒரு முற்பகல் போதும்.

முதலில் காது கொடுத்துக் கேட்க வேண்டும். ஒருவர் உள்ளேயும் ஒருவர் வெளியேயும் நிற்க, ஷட்டரை மிக மெதுவாக ஏற்றுங்கள். பக்கங்களிலிருந்து நீண்ட, ஒரே சீரான கிரீச்சொலி வந்தால் சேனல் வறண்டிருக்கிறது அல்லது துருப்பிடித்திருக்கிறது. ஒவ்வொரு முறையும் குறிப்பிட்ட ஓர் உயரத்தில் மட்டும் ஓசை எழுந்தால், அவ்விடத்தில் சேனல் நெளிந்திருக்கும் அல்லது ஒரு பட்டை அடிபட்டிருக்கும். விசாகப்பட்டின வீட்டில் இடப்பக்கச் சேனல் முழங்கால் உயரத்தில் உள்நோக்கி நெளிந்திருந்தது. 2014 அக்டோபர் 12 அன்று ஹுத்ஹுத் புயல் அந்நகரைத் தாக்கியபோது முறிந்து விழுந்த மரக்கிளையின் வேலை அது என்று பெரியவர் நினைவுகூர்ந்தார். கடகடவென்ற ஓசை என்றால் பட்டைகளின் முனைகளில் இருக்க வேண்டிய கிளிப்புகள் விழுந்திருக்கலாம். கிளிப் இல்லாத பட்டை பக்கவாட்டில் நழுவிச் சென்று சேனலைச் சுரண்டும். உச்சியிலிருந்து முனகல் போன்ற ஓசை வந்தால் அது பேரிங் அல்லது புல்லியின் குரல். அது மெக்கானிக்கின் எல்லைக்குள் சேர்ந்தது.

அடுத்து, துப்புரவு. ஓசையின் பெரும்பகுதி இங்கேயே தீர்ந்துவிடுகிறது என்பது எங்கள் அனுபவம். எங்கள் முதல் பிழையும் இங்கேதான் நேர்ந்தது: அழுக்கின்மேல் எண்ணெய் ஊற்றினோம். சேனலுக்குள் தெருப்புழுதி, துருப்பொடி, பழைய கிரீஸ், சிலந்தி வலை, எப்போதோ விழுந்த நாணயம் எல்லாம் சேர்ந்திருக்கும். அதன்மேல் எண்ணெய் விழுந்தால் எல்லாம் குழைந்து உப்புத்தாளால் தேய்ப்பது போன்ற பசையாகிவிடும். ஓசை ஒரு வாரம் அடங்கும். இரும்பு தேய்ந்துகொண்டே இருக்கும்.

ஷட்டரை மேலேற்றிவிட்டால் சேனலின் உட்பகுதி கைக்கு எட்டும். பெயின்ட் அடிக்கும் பழைய பிரஷ் ஒன்றை நுழைத்து மேலிருந்து கீழாகத் தள்ளி வாருங்கள். ஸ்குரூ டிரைவர் முனையில் துணியைச் சுற்றி மூலைகளைத் துடையுங்கள். இறுகிப்போன பழைய கிரீஸைக் கரைப்பதற்குச் சிறிதளவு மண்ணெண்ணெய் நனைத்த துணி போதும். அப்போது அருகில் அடுப்போ விளக்கோ ஊதுவத்தியோ எரியக் கூடாது; துடைத்த துணியை வீட்டுக்குள் சுருட்டி வைக்கவும் கூடாது. துருப்பிடித்த இடங்களை உப்புத்தாளால் தேய்த்துப் பொடியை முழுவதும் அகற்றிவிடுங்கள். தேய்த்தபின் வெளிப்புறத்தில் ரெட் ஆக்சைடு பூசி, அதன்மேல் பெயின்ட் அடிக்கலாம். பட்டை உரசி ஓடும் உட்புறத்தில் பெயின்ட் வேண்டாம்; அதன் கனமே இடைவெளியை அடைத்துப் புதிய ஓசையைக் கிளப்பும்.

கடலோர நகரங்களில் வாழ்வோர் இன்னொன்றையும் செய்ய வேண்டும். கடற்காற்று கொண்டுவந்து படியவைக்கும் உப்பு, காற்றின் ஈரத்தை இழுத்து வைத்துக்கொள்ளும். மழையே பெய்யாத நாளிலும் இரும்பு ஈரமாகவே இருக்கிறது. ஆகவே மாதம் ஒருமுறை பட்டைகளை நல்ல தண்ணீரில் நனைத்த துணியால் துடைத்து, உடனே உலர்ந்த துணியால் ஈரத்தை ஒற்றி எடுங்கள். மும்பை, கொச்சி, விசாகப்பட்டினம், புரி என்று எந்தக் கரையில் இருந்தாலும் இதற்கு விலக்கில்லை. ராஜஸ்தானில் பணியாற்றிய நண்பர் ஒருவர் தம் வீட்டு ஷட்டருக்குத் துருத் தொல்லையே இல்லை என்று பெருமை பேசினார். மணலால் சேனல் அடைபட்டுப் படும் பாட்டைப் பின்னர்தான் சொன்னார்.

துப்புரவு முடிந்து, எல்லாம் நன்கு உலர்ந்த பிறகே உராய்வைக் குறைக்கும் பொருளுக்கு வர வேண்டும். இதில் ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு வழக்கம் இருக்கிறது. தேங்காய் எண்ணெய் தடவுவோர் உண்டு. அது ஏறத்தாழ 24 டிகிரிக்குக் கீழே உறைந்துவிடும் என்பதை வடமாநிலங்களில் குளிர்காலத்தைக் கழித்த தமிழர் எவரும் குளியலறையிலேயே கண்டிருப்பர். உறையாத ஊரிலும் நாளடைவில் பிசுபிசுத்துப் புழுதியைப் பிடித்து வைத்துக்கொள்ளும். வாகனங்களிலிருந்து வடித்த பழைய இன்ஜின் ஆயிலைப் பூசும் வழக்கமும் பரவலாக இருக்கிறது. செலவில்லாதது என்பதைத் தவிர அதற்கு ஒரு சிறப்பும் இல்லை. கரியும் நுண்ணிய இரும்புத் துகள்களும் கலந்த கழிவு அது, தோலுக்கும் தீங்கானது. பால் பாக்கெட் விற்கும் வாசலில் அதற்கு வேலையில்லை.

டபிள்யூ.டி.-40 என்னும் ஸ்பிரே இப்போது எல்லா ஹார்டுவேர் கடைகளிலும் கிடைக்கிறது. 1953இல் அமெரிக்காவில் உருவாக்கப்பட்ட அதன் பெயரிலேயே அதன் வேலை இருக்கிறது. அவ்விரு எழுத்துகளும் நீரை விலக்குதல் என்பதற்கான ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்துகள். 40 என்பது நாற்பதாவது முயற்சியில் கைகூடியதைக் குறிப்பது. இறுகிப்போனதை இளக்கவும், ஈரத்தை விரட்டவும் அது நன்கு உதவும். ஆனால் நாள்தோறும் உரசும் இடத்தில் நெடுநாள் நின்று உழைக்கும் பிசுக்கு அதில் இல்லை. அதை அடித்ததும் ஓசை நின்றுவிடுவதைக் கண்டு வேலை முடிந்தது என்று நம்பிவிடக் கூடாது.

சேனலுக்கு ஏற்றது சிலிக்கோன் ஸ்பிரே. தெளித்துச் சில நிமிடங்களில் ஏறக்குறைய உலர்ந்துவிடுவதால் புழுதி ஒட்டுவது குறைவு. அது கிடைக்காவிட்டால் நம் வீட்டு மெழுகுவத்தியே போதும். சேனலின் உட்புறம் இருபக்கமும் மெழுகுவத்தியை அழுத்தித் தேய்த்து, ஷட்டரை ஐந்தாறு முறை ஏற்றி இறக்கினால் மெழுகு சீராகப் பரவிவிடும். மின்வெட்டுக்கென்று வாங்கி வைத்த மெழுகுவத்தி, இன்வெர்ட்டர் வந்த பிறகு இழுப்பறையில் உறங்குகிற வீடுகளில் செலவே இல்லை. பட்டைகள் ஒன்றோடொன்று கோத்திருக்கும் மூட்டுகளுக்குத் தையல் இயந்திர எண்ணெய் நல்லது. ஷட்டரைச் சிறிது சிறிதாக இறக்கி, உட்புறமாக ஒவ்வொரு மூட்டிலும் சில சொட்டுகள் மட்டும் விட்டு, வழிவதை உடனே துடைத்துவிட வேண்டும். வெளிப்புறம் எண்ணெய் வழிந்தால் சாய்ந்து நிற்பவர்களின் உடையைப் பாழாக்கும். பூட்டுத் துளைக்குள் எண்ணெய் வேண்டாம். பென்சில் முனையைச் சீவிக் கிடைக்கும் கரித்தூளைச் சாவியில் தடவி நுழைத்துத் திருப்பினால் பூட்டு இலகுவாகத் திறக்கும்.

இத்தனையும் செய்த பிறகும் ஓசை திரும்பத் திரும்ப வருமானால், தூக்கும் முறையைக் கவனிக்க வேண்டும். அடிப்பட்டையில் இரண்டு கைப்பிடிகள் இருப்பது இரண்டு கைகளாலும் ஒருசேரத் தூக்குவதற்காகவே. ஒரு கையில் பையும் மறு கையில் கைப்பிடியுமாக ஒரு பக்கத்தை மட்டும் இழுத்தால் திரை சாய்ந்து எதிர்ப்பக்கச் சேனலைச் சுரண்டும். காலால் உதைத்து இறக்கும் பழக்கம் அடிப்பட்டையை வளைத்துவிடும். சரக்கு இருப்பைச் சரிபார்ப்பதற்காகக் கடன் பெற்ற கடைகளுக்குச் செல்லும்போது நாங்கள் பார்த்தவரையில், ஐந்தில் நான்கு பேர் ஷட்டரைக் காலால்தான் இறக்குகிறார்கள். அவசரம் அப்படி.

மீண்டும் அந்த வீட்டுக்கு வருவோம். மெக்கானிக் ஓர் உதவியாளருடன் மறுநாள் வந்து ஸ்பிரிங்குகள் அனைத்தையும் மாற்றினார். முறிந்த ஒன்றை மட்டும் மாற்றினால் போதாதா என்று செலவைக் கருதிப் பெரியவர் கேட்டார். புதியதும் பழையதும் ஒரே குழாயில் இருந்தால் ஷட்டர் ஒரு பக்கமாக ஏறும் என்று மெக்கானிக் மறுத்துவிட்டார். நெளிந்த சேனலை மரக்கட்டை வைத்துத் தட்டி நிமிர்த்தினார். விழுந்துபோன கிளிப்புகளுக்குப் பதிலாகப் புதியவற்றைப் பொருத்தினார். இதில் பால் பேரிங்கே இல்லை என்பதையும் அப்போதுதான் எங்களுக்குக் காட்டினார். ஷட்டருக்கான இந்தியத் தரநிலை ஐ.எஸ். 6248, கையால் தூக்கும் ஷட்டர் பேரிங் இல்லாமல் 8 சதுர மீட்டர் வரையிலும், பேரிங்குடன் 12 சதுர மீட்டர் வரையிலும் இருக்கலாம் என்கிறது. ஆகவே ஐந்து சதுர மீட்டர் ஷட்டரில் பேரிங் இல்லாதது குற்றமன்று. எனினும் முதியவர் தூக்கும் ஷட்டருக்கு அது பேருதவி. பொதுப்பணித் துறையின் விலைப்பட்டியலில் ஷட்டர் ஓர் இனம், பால் பேரிங் தனி இனம். புதிதாக ஷட்டர் போடுவோர் மதிப்பீட்டுத் தாளில் பேரிங் என்ற வரி தனியாக இருக்கிறதா, பட்டையின் தடிமன் குறிக்கப்பட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். 'ஷட்டர், ஒன்று, முழுமையாக' என்று ஒரே வரியில் தொகை எழுதித் தரும் தாளை நாங்கள் கடன் கோப்பில் ஏற்றுக்கொள்வதில்லை. நீங்களும் ஏற்க வேண்டாம்.

கடை வைத்திருப்போர் கவனத்திற்கு இன்னொரு செய்தி. திருட்டுக்கான காப்பீட்டில் பொதுவாக, பூட்டை உடைத்தோ கதவை நெம்பியோ பலவந்தமாக நுழைந்ததற்கான அடையாளம் கேட்கப்படும். சேனலிலிருந்து பட்டை விலகி, கையால் இழுத்தாலே இடைவெளி விடும் ஷட்டர் உங்களுடையது என்றால், ஓசையைக் காட்டிலும் அது அவசரமான வேலை. பாலிசியின் நிபந்தனைகளையும் ஒருமுறை படித்துவிடுங்கள்.

செலவுத் தொகையில் பாதியை நாங்கள் ஏற்பதாகச் சொன்னோம். பெரியவர் கேட்கவில்லை. "நீங்கள் எண்ணெய் போடாமல் இருந்திருந்தால் அது என்றைக்கு விழுந்திருக்குமோ! பேரன் விடுமுறைக்கு வரும்போது அதன் அடியில்தான் கிரிக்கெட் ஆடுவான்" என்றார். அந்தப் பேச்சு எங்கள் மனத்தைச் சற்று ஆற்றியது என்றாலும், அம்மையார் காலில் கட்டுடன் நாற்காலியில் அமர்ந்து பால் விற்ற அந்த மூன்று வாரங்களும் நாங்கள் தலைகுனிந்தபடியே படியிறங்கினோம். காலையில் ஷட்டரைத் தூக்குவதும் இரவில் இறக்குவதும் அந்நாட்களில் எங்கள் வேலையாயிற்று. இரு கைகளின் விரல்களால் தூக்கினாலே ஏறியது. இடுப்பு உயரத்தில் விட்டால், சொன்னபடி அங்கேயே நின்றது.

காலின் கட்டைப் பிரித்த பிறகு அம்மையார் மீண்டும் தாமே கடையைத் திறக்கத் தொடங்கினார். ஷட்டர் ஓசையின்றி ஏறியது. முதல் இரண்டு நாட்களும் ஆறரை மணி வரை பாதிப் பாக்கெட்டுகள் விற்காமல் கிடந்தன. கடை திறந்துவிட்டதே தெருவுக்குத் தெரியவில்லையாம். மூன்றாம் நாள் முதல் அவர் வாசலில் நின்று "பாலு, பாலு" என்று இருமுறை குரல் கொடுக்கலானார். எங்கள் மகள் அக்குரலுக்குப் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு திரும்பிப் படுத்தாள்.